மூன்றாம் மாடி மார்மலேட்

வங்கியில் முப்பது வருஷம் கடன் கேட்டு வந்தவர்களைத் திருப்பி அனுப்பியவர் அவர். ஓய்வு பெற்றதும் கேட்காதவர்களுக்கெல்லாம் கொடுத்துத் தீர்க்கிறார், பாட்டில் பாட்டிலாக. கோவையில் எங்கள் அடுக்ககத்துக்கு அவர் மூன்றாம் மாடி. உங்கள் கட்டடத்திலும் ஒருவர் இருப்பார். மாடி மட்டும் மாறும்.

மகளைப் பார்க்க ஒரு ஜனவரியில் லண்டன் போனதில் வந்த வினை இது. ஸ்பெயினிலிருந்து வரும் கசப்பான செவில் ஆரஞ்சு அங்கே ஜனவரி, பிப்ரவரியில் சில வாரம்தான் கிடைக்கும். அதை வாங்க ஆட்கள் பறப்பதைப் பார்த்துவிட்டார். இங்கே நார்த்தங்காயையும் கமலா ஆரஞ்சையும் பார்த்துப் பெருமூச்சு விடுகிறார், விட்டபடியே ஐந்து கிலோ வாங்குகிறார்.

அவரிடம் 'ஜாம்' என்று வாய் தவறியும் சொல்லக் கூடாது. "ஜாமுக்கு எந்தப் பழமும் ஆகுமுங்க தம்பி. மார்மலேடுன்னா ஆரஞ்சு, எலுமிச்சை சாதிதான், தோலோட!" என்பார். கையோடு ஸ்காட்லாந்து ராணி மேரிக்கு உடம்பு முடியாமல் போய், சமையல்காரர் ஆரஞ்சைக் காய்ச்சிக் கொடுத்து, அதிலிருந்து பேர் வந்த கதையும் வரும். அது கட்டுக்கதை. போர்ச்சுகீசியர் சீமைமாதுளையை 'மார்மெலோ' என்பார்கள். அதைக் கிண்டிச் செய்த 'மார்மெலாடா'வின் பேர்தான் பழம் மாறி ஒட்டிக்கொண்டது. போனில் தேடிக் காட்டினேன். "இருக்கட்டுமுங்க" என்றார். அடுத்த வாரமே எதிர்வீட்டுக்காரரிடம் ராணிக்கு மறுபடி காய்ச்சல்.

காய்ச்சுவதற்கு முதல் நாள் ராத்திரியே தோலைத் தீக்குச்சி போல நறுக்கி, விதைகளைத் துணியில் முடிந்து ஊறப்போடுவார். உறையவைக்கும் பெக்டின் விதையிலும் தோலுக்கடியில் இருக்கும் வெள்ளைச் சதையிலும்தான். "என்னங்க, அது பொங்கலுக்கு எடுத்த வேட்டி!" என்று அவர் மனைவி, எங்களுக்கெல்லாம் அக்கா, போடும் குரல் எங்கள் வீடுவரை கேட்கும். தோல் மசிய வேகும் வரை சர்க்கரை சேர்க்கக் கூடாது. சேர்த்தால் தோல் விறைத்துக்கொள்ளும். இதை அவர் முதல் ஈட்டில் கற்றுக்கொண்டார். நான் கடைவாய்ப்பல்லில் கற்றுக்கொண்டேன்.

கொதி 105 டிகிரியைத் தொட வேண்டும். அதற்கு ஒரு வெப்பமானி உண்டு. அதன்மேல் அவருக்கு நம்பிக்கை கிடையாது. ஜாமீன் கையெழுத்தையே நம்பாதவர் பாதரசத்தையா நம்புவார்? ஃப்ரீசரில் ஒரு சாஸர் காத்திருக்கும். அதில் ஒரு சொட்டு விட்டு, ஒரு நிமிஷம் பொறுத்து, ஆள்காட்டி விரலால் மெல்லத் தள்ளுவார். மேலே சுருக்கம் விழுந்தால் பதம். மூக்குக்கண்ணாடியை ஏற்றிக் குனிந்து பார்ப்பார். சுருக்கம் அவர் நெற்றியில் விழும், சாஸரில் விழாது. "இன்னும் ரெண்டே நிமிஷம்." அந்த ரெண்டு நிமிஷத்தில் அடி பிடித்துவிடும்.

அதே நார்த்தங்காயை அக்கா சுருள் சுருளாக நறுக்கி, உப்பைத் திணித்து, மொட்டைமாடி வெயிலில் போட்டுவிட்டு சீரியல் பார்க்கப் போய்விடுகிறார். வெப்பமானி இல்லை, சாஸர் இல்லை, ராணி இல்லை. தயிர்சாதத்துக்கு அதில் ஒரு சுருள் கிடைக்காதா என்று அடுக்ககமே தவம் கிடக்கிறது.

போன ஞாயிறு நானும் சின்னக் கிண்ணத்தோடு மேலே போனேன். அக்கா ஊறுகாய் ஜாடியைத் திறந்தார், கரண்டியை எடுத்தார், நிறுத்தினார். பக்கத்து அலமாரியிலிருந்து தேதியும் ஈட்டு எண்ணும் எழுதி ஒட்டிய ஒரு பாட்டிலை முதலில் என் கையில் வைத்தார்.

"மறுபடி ஜாமாக்கா?"

"ஜாம் இல்லீங்க தம்பி," என்றார் அக்கா, "ஜாமீன்."