செட்டிங்ஸ் அண்ணன்

ஏரியாவுக்கு ஒருவர் கட்டாயம் இருப்பார். மடிப்பாக்கமோ மதுரை அண்ணா நகரோ, அங்க அடையாளம் மாறாது. வயது இருபத்தைந்துக்கு மேல், முப்பதுக்குள். முதுகில் ஒரு பை. பைக்குள் ஸ்டார் ஸ்க்ரூடிரைவர், பாதி பிதுக்கிய தெர்மல் பேஸ்ட், பெயின்ட் பிரஷ், பென் டிரைவ், பென்சில் அழிக்கும் ரப்பர். அப்பா அம்மா வைத்த பெயர் ரேஷன் கார்டில் பத்திரமாக இருக்கும். பையன்கள் வட்டாரத்தில் அவர் செட்டிங்ஸ் அண்ணன்.

"சாப்பிட்டாச்சா?" என்று யாரையும் கேட்டு அவருக்குப் பழக்கமில்லை. "எத்தனை எஃப்.பி.எஸ். வருது?" என்பார். கல்யாண வீட்டில் மொய் எழுதும் இடத்தில் நின்றுகொண்டும் கேட்பார். "நூத்தம்பது வருதுண்ணா, ஸ்மூத்தா போகுது" என்று பதில் வந்தால் முகம் தொங்கிவிடும். "அடிக்கடி ட்ராப் ஆகுதுண்ணா" என்றால் போதும், பந்தியை மறந்துவிட்டு, "சாயங்காலம் வீட்ல இருப்பியா?" என்று நேரம் குறித்துவிடுவார்.

வேலரண்ட் ஆடும் பிளஸ் ஒன் பையன் ஒருவன் வீட்டுக்கு அவர் வருவதைப் பார்க்க வேண்டும். செருப்பைக் கழற்றும்போதே விசாரணை தொடங்கிவிடும்.

"என்னடா பண்ணுது?"

"லேக் அடிக்குதுண்ணா."

"எந்த லேக்கு? படம் ஜெர்க் ஆகுதா, எதிராளி நின்ன இடத்துலேர்ந்து தாவித் தாவிப் போறானா?"

பையன் யோசித்துப் பார்ப்பான். "அதெல்லாம் தெரியலைண்ணா. செத்துப் போயிடுறேன்."

நியாயமாகச் சொல்ல வேண்டும், இந்த இடத்தில் அண்ணனை மிஞ்ச ஆளில்லை. "எஃப்.பி.எஸ்.ங்கிறது உங்க வீட்டு அடுப்புல தோசை வர்ற வேகம். பிங்குங்கிறது ஓட்டல்லேர்ந்து பார்சல் வந்து சேர்ற நேரம். பார்சல் லேட்டானா அடுப்பை மாத்துவியா?" என்று கேட்பார். வினாடிக்கு 60 படம் வேண்டுமென்றால் கிராபிக்ஸ் கார்டு ஒவ்வொரு படத்தையும் 16.7 மில்லி செகண்டுக்குள் வரைந்து முடித்தாக வேண்டும்; 144 என்றால் 7 மில்லி செகண்ட்கூடக் கிடையாது. நடுவில் ஏதோ ஒரு படம் மட்டும் 50 எடுத்துக்கொண்டால் சராசரிக் கணக்கில் ஒன்றும் தெரியாது, கண்ணுக்கு மட்டும் 'டொக்'கென்று உறைக்கும். இத்தனையையும் காப்பி ஆறுவதற்குள் சொல்லி முடித்துவிடுவார். வாத்தியார் வேலைக்குப் போயிருக்க வேண்டிய மனுஷன்.

விளக்கம் முடிந்ததும், பார்சல்தான் லேட் என்று கண்டுபிடித்த அதே கையோடு, அடுப்பைப் பிரிக்க உட்காருவார்.

சி.பி.யு. பெட்டியின் பக்கவாட்டுத் தகடு கழன்று கட்டிலுக்குப் போகும். ரப்பர் வெளியே வரும். ரேமை உருவி, அதன் தங்க நிறப் பல்வரிசையை நிதானமாகத் தேய்த்து, ஊதி, திரும்பச் சொருகுவார். பிரவுசிங் சென்டர்களில் கவுன்ட்டர் ஸ்டிரைக் 1.6 ஆடிய தலைமுறையிடமிருந்து கைமாறி வந்த வித்தை இது. சிரிக்க வேண்டாம். காண்டாக்டில் படிந்த அழுக்கு போனதும், 'பீப் பீப்' என்று கத்திக்கொண்டு ஆன் ஆகாமல் கிடந்த எத்தனையோ சிஸ்டங்கள் எழுந்து உட்கார்ந்திருக்கின்றன. ஆனால் இந்தப் பையனின் சிஸ்டம் கத்தவே இல்லை. நன்றாக ஆன் ஆகிக்கொண்டிருந்த ஒன்றைத்தான் தேய்க்கிறார்.

அடுத்து பிரஷ். ஃபேன் இறக்கையிலிருந்து ஒரு தலையணைக்குப் பஞ்சு கிடைக்கும். அதற்குக் கீழே கறுப்பாகப் பிசுபிசுவென்று ஒரு படிவம். அண்ணன் விரலில் தொட்டு மோந்து பார்ப்பார். "சாம்பிராணி."

பையனின் அம்மா வாசலிலேயே நிற்பார். "வெள்ளிக்கிழமை சாமிக்குப் போடறதை நிறுத்தணுங்கிறியா?"

"போடுங்கம்மா. சிஸ்டத்தை ஆஃப் பண்ணிட்டுப் போடுங்க. ஃபேன் மொத்தத்தையும் உள்ள இழுக்குது."

அண்ணன் சொல்வது உண்மை. தூசியும் புகைப் பிசுக்கும் அடைத்த ஃபேனால் சூட்டை வெளியே தள்ள முடியாது. பிராசசர் 100 டிகிரியை நெருங்கும்போது தன்னைக் காப்பாற்றிக்கொள்ளத் தானே வேகத்தைக் குறைத்துவிடும். ஆட்டம் தொடங்கிய பத்து நிமிஷம் பறந்துவிட்டு அப்புறம் நொண்டுகிற சிஸ்டங்களில் பாதிக்கு இதுதான் கதை. சென்னை மே மாதத்தில் அறையே 38 டிகிரியில் இருக்கும்போது எத்தனை ஃபேன் போட்டாலும் சிப் 38-க்குக் கீழே இறங்கப் போவதில்லை. அண்ணன் துடைத்த பிறகு பதினைந்து டிகிரி குறைவதை நானே பார்த்திருக்கிறேன். அங்கேயே எழுந்து போயிருந்தால் அவர் பெரிய மனிதர். எழுந்து போக மாட்டார். டிரைவர் பாக்கி இருக்கிறது.

டிரைவர் என்றால் அண்ணனுக்குச் சாதாரண விஷயமல்ல. புதியதை மேலே போட்டால் போதாது; பழையதை சேஃப் மோடில் வைத்து வேரோடு பிடுங்க வேண்டும். அதற்கென்றே ஒரு மென்பொருள் பென் டிரைவில் இருக்கிறது. பிடுங்கும்போது திரை பெரிய பெரிய எழுத்துக்களோடு மங்கலாகி, பையனுக்கு அழுகை வரும். புதிய டிரைவர் ஏறியதும் அண்ணன் ஒரு வாக்கியம் சொல்வார்: "ரெண்டு நாளைக்கு இன்னும் மோசமா இருக்கும். அப்புறம் செட் ஆயிடும்."

சொன்னபடியே நடக்கும். முதல் நாள் ஒவ்வொரு குண்டு வெடிக்கும்போதும் படம் திக்கும்; மூன்றாம் நாள் சுத்தமாகிவிடும். பையன் மெய்சிலிர்த்துப் போவான். விஷயம் இதுதான்: வெளிச்சம், நிழல், புகை எல்லாவற்றையும் வரைய ஆட்டத்துக்குள் ஷேடர் என்ற குட்டி நிரல்கள் உண்டு. அவற்றை அந்தந்த கார்டுக்கும் டிரைவருக்கும் ஏற்றபடி ஒருமுறை தயாரித்து டிஸ்க்கில் சேமித்து வைத்திருக்கும். டிரைவரை மாற்றினால் சேமித்ததெல்லாம் செல்லாது. ஆட ஆட மறுபடி தயாராக வேண்டும், தயாராகும் வரை திக்கும். ஆக, இல்லாத திக்கலை உண்டாக்கியவரும் அண்ணன், அது தானாகப் போனதும் பேர் வாங்கியவரும் அண்ணன். 2023 செப்டம்பர் 27 அன்று பழைய கவுன்ட்டர் ஸ்டிரைக்கைத் தூக்கிவிட்டு அதே இடத்தில் கவுன்ட்டர் ஸ்டிரைக் 2 இறங்கியதே, அன்றைக்குப் பழைய சிஸ்டம் வைத்திருந்தவர்கள் அழுதார்கள். அண்ணனுக்குத் தீபாவளி சீக்கிரமே வந்துவிட்டது.

டிரைவருக்குப் பிறகு ரூட்டர். எல்லா வீட்டிலும் அது ஹாலில் டி.வி.க்குப் பின்னால், ஸ்டீல் பீரோவை ஒட்டி, மேலே ஒரு விநாயகரைச் சுமந்துகொண்டு இருக்கும். பையனின் அறைக்கும் அதற்கும் நடுவில் இரண்டு சுவர். ஐந்து கிகா ஹெர்ட்ஸ் அலைக்குச் சுவர் என்றாலே ஆகாது, இரும்பு பீரோ என்றால் கேட்கவே வேண்டாம். அண்ணன் ஹால் வழியாக இருபது மீட்டர் லேன் கேபிள் இழுக்க வேண்டும் என்பார்.

"ஒயர் இல்லாம வரும்னுதானேப்பா மாசாமாசம் கட்டறேன்?" என்பார் பையனின் அப்பா.

அண்ணன் வென்றுவிடுவார். கேபிள் வரும். ஜன்னலுக்கும் ஆணிக்கும் நடுவே அது கொஞ்சம் தொங்குமிடத்தில் அடுத்த வாரமே ஈரத்துண்டு காயும்.

இவ்வளவோடு நிறுத்தினால் பிங் விஷயத்திலும் அவருக்குப் பாஸ் மார்க் போட்டுவிடலாம். ஆனால் 30-ஐ 5 ஆக்கித் தருகிறேன் என்று வாக்குக் கொடுத்துவிடுவார். சென்னையிலிருந்து மும்பை சர்வர் நேர்க்கோட்டிலேயே ஆயிரம் கிலோமீட்டர். கண்ணாடி இழைக்குள் ஒளி வினாடிக்குச் சுமார் 2 லட்சம் கிலோமீட்டர்தான் ஓடும். எங்கும் நிற்காமல் போய்த் திரும்பினாலே 10 மில்லி செகண்ட் ஆகிவிடும். வழியில் கேபிள் வளைவுகள், ரூட்டர் நிறுத்தங்கள் வேறு. இதைச் சொன்னால், "டி.என்.எஸ்.ஸை எட்டு எட்டு எட்டு எட்டுன்னு மாத்திப் பாருங்க சார்" என்பார். டி.என்.எஸ். சர்வரின் முகவரியைக் கேட்டுச் சொல்வதோடு ஒதுங்கிக்கொள்ளும். குண்டு பறக்கும் நேரத்தில் அது அந்தப் பக்கமே வருவதில்லை. மாற்றி விட்டுவிட்டு, "இப்ப ஃபீல் ஆகுதா?" என்று கேட்பார். பையன், "ஆகுதுண்ணா" என்பான். வந்தவர் மனம் நோகக் கூடாதே.

மூன்று மணி நேரம் ஆகியிருக்கும். எஃப்.பி.எஸ். ஐம்பதைத் தாண்டாது. அண்ணன் சி.பி.யு.வைத் திருப்பிப் பின்பக்கம் டார்ச் அடிப்பார். சட்டென்று அமைதியாகிவிடுவார். மானிட்டர் கேபிள், கிராபிக்ஸ் கார்டில் இருக்க வேண்டியது, மதர்போர்டில் சொருகியிருக்கும். ரிச்சி ஸ்ட்ரீட்டில் பேரம் பேசி வாங்கிய கார்டு அன்றிலிருந்து சம்பளம் வாங்காமல் சும்மா உட்கார்ந்திருக்கிறது. யாரும் பார்க்காதபோது கேபிளை இடம் மாற்றிவிட்டு, விண்டோஸில் 60 ஹெர்ட்ஸ் என்று இருப்பதை 144 ஆக்கிவிட்டு, இடுப்பைப் பிடித்துக்கொண்டு எழுந்திருப்பார். எண்ணிக்கை மூன்று மடங்காகத் துள்ளும்.

"என்னண்ணா பண்ணீங்க?"

"ரிஜிஸ்ட்ரில ஒரு சின்ன ட்வீக்குடா."

கெட்ட நாட்களும் உண்டு. ஒரு வீட்டில் எதிரியின் தோளிலிருந்து ஊதா முக்கோணம் ஒன்று கிளம்பிக் கூரையைத் துளைத்துக்கொண்டு போனது. தரையெல்லாம் கட்டம் கட்டமாகப் பச்சைப் புள்ளி. கார்டின் நினைவகச் சிப் போகிறபோது இப்படித்தான் வரும். 2022 செப்டம்பர் 15 அன்று இதீரியம் என்ற கிரிப்டோ நாணயம் மைனிங் முறையைக் கைவிட்டதும், அதுவரை இரவு பகலாக வெந்துகொண்டிருந்த கார்டுகள் பழைய பொருள் சந்தையில் வந்து குவிந்தன. அதில் ஒன்றை 'டாக்டர் வீட்டுக் கார்டு, ஆடவே இல்லை' என்று யாரோ இவர்கள் தலையில் கட்டியிருக்கிறார்கள். வெளிநாடுகளில் சிலர் இப்படிப்பட்ட கார்டை ஓவனில் வைத்துச் சுடுவார்கள். ஈயப் பற்று இளகி மறுபடி ஒட்டிக்கொள்ளும் என்று நம்பிக்கை. ஒட்டினாலும் நெடுநாள் தாங்காது. நம் வீடுகள் பலவற்றில் ஓவன் இல்லாதது கார்டுகள் செய்த புண்ணியம். அண்ணன் குக்கரைப் பார்த்தார். அந்த வீட்டு அம்மா அண்ணனைப் பார்த்தார். பேச்சு அதோடு முடிந்தது.

இன்னொரு வீட்டில் நடந்தது சிரிப்பில் சேராது. விண்டோஸ் 11-இல் வேலரண்ட் ஆட வேண்டுமானால் அதன் காவல்காரனான வான்கார்டுக்கு டி.பி.எம். 2.0-வும் செக்யூர் பூட்டும் வேண்டும். இல்லாவிட்டால் 'வான் 9001' என்று எண்ணைக் காட்டி வாசலிலேயே நிறுத்திவிடும். அண்ணன் பயாஸுக்குள் போய் எல்லாவற்றையும் ஆன் செய்தார். டிஸ்க் பழைய எம்.பி.ஆர். முறையில் பிரித்தது என்பதைப் பார்க்கவில்லை. அப்படிப்பட்ட டிஸ்க்கிலிருந்து புதிய முறையில் விண்டோஸ் எழுந்திருக்காது. திரை கறுப்பு. பயாஸில் மாற்றியதைத் திருப்பி வைத்திருந்தால் பழையபடி வந்திருக்கும். அண்ணன் அகராதியில் திருப்புவது கிடையாது. "ஃபார்மட் போட்டுரலாம்" என்றார். பையனின் அப்பாவுடைய ஜி.எஸ்.டி. கணக்கு அதில்தான் இருந்தது. அந்தத் தெரு வழியாக அண்ணன் இப்போது போவதில்லை.

அவருடைய சொந்த சிஸ்டத்தைப் பார்க்க ஆசைப்பட்டு ஒருநாள் போனேன். சி.பி.யு.வுக்குப் பக்கத் தகடே கிடையாது. ஸ்க்ரூ மாட்டுவது அவருக்கு நேர விரயம். திரையின் மூலையில் பச்சை எழுத்தில் எஃப்.பி.எஸ். ஓடிக்கொண்டிருந்தது. ஆட்டத்துக்குள் பயிற்சி மைதானத்தில் ஒரு சுவரை மூக்கு உரச ஒட்டி நின்றுகொண்டு, "நானூறு சார்!" என்றார். சுவரைப் பார்த்து நின்றால் அதற்குப் பின்னால் இருக்கிற எதையும் கார்டு பெரிதாக வரைய வேண்டியதில்லை. எண்ணிக்கை எகிறத்தான் செய்யும். கொஞ்சம் திரும்பிப் பாருங்களேன் என்றேன். திரும்பவில்லை. மேட்ச் ஆடி எவ்வளவு நாளாயிற்று என்று கேட்டதற்கு, "இன்னும் ஷேடோ செட்டிங் ஃபைனல் பண்ணலை சார்" என்றார்.

இவர் ஏன் ஊருக்கு ஊர் தேவைப்படுகிறார் என்பது எனக்குப் புரிந்துவிட்டது. பிளஸ் ஒன் பையனுக்கு எய்ம் வராது. இதை அவன் நண்பர்கள் சொல்வார்கள், தங்கை சொல்வாள், ஆட்டத்துக்குள் முகம் தெரியாத எவனெவனோ ஹிந்தியில் சொல்வான். சொல்லாத ஒரே ஆள் அண்ணன். கேபிள் மாற்றிய மறுநாள், 144-இல் வழுக்கிக்கொண்டு ஓடிய ஆட்டத்திலும் அவன் முதல் ஆளாகச் செத்தான். போன் போட்டான். அந்தப் பக்கம் ஒரு நொடி மௌனம்.

"மவுஸ்ல டி.பி.ஐ. எவ்ளோ வெச்சிருக்க?"

"பார்க்கலைண்ணா."

"அதான்டா பார்த்தேன். சாயங்காலம் வர்றேன்."

உங்கள் வீட்டுச் சிஸ்டம் திக்கினாலும் அண்ணனைத் தாராளமாகக் கூப்பிடுங்கள். ஏரியாவில் அவரைவிட விஷயம் தெரிந்தவர் இல்லை, காசும் வாங்க மாட்டார், இரண்டு காப்பி போதும். கூப்பிடுவதற்கு முன் மானிட்டர் கேபிள் எங்கே சொருகியிருக்கிறது என்று பாருங்கள். ரூட்டரை பீரோவிலிருந்து இரண்டடி நகர்த்துங்கள். அதற்கும் முன்னால் ஜி.எஸ்.டி. கணக்கையும் கல்யாண போட்டோக்களையும் வேறு டிஸ்க்கில் எடுத்து, அந்த டிஸ்க்கை அவர் கண்ணில் படாத இடத்தில் வைத்துவிடுங்கள்.