தோலின் தராதரம்

உலகச் சந்தையில் இப்போது ‘சைவத் தோல்’ காலம். அன்னாசி இலையில் பை வந்தது. காளான் தோலான மைலோ, முதலீடு திரட்ட முடியாமல் 2023இல் நின்றது. மலிவுச் சரக்கோ பெரும்பாலும் பிளாஸ்டிக்.

தவில் மேதை தட்சணாமூர்த்தி வாசித்த யாழ்ப்பாணத்து அளவெட்டியில் தோலுக்கு வேறு கணக்கு. கும்பழாவளைப் பிள்ளையாரிடம் செருப்பு வாசலோடு நிற்கும்; தவில் இரு பக்கமும் தோலோடு உள்ளே போகும். அடிவாங்கும் தோல் மங்கலம், மிதிபடும் தோல் தீட்டு! தோலைப் பதப்படுத்தியவர்? அவருக்குச் செருப்பின் இடம்தான். பக்கத்து மாவிட்டபுரத்தில் 1968இல் ஒடுக்கப்பட்ட சாதியினர் கோயிலுக்குள் போகவே போராட வேண்டியிருந்தது.

2025இல் பிராடா மிலானில் கோலாப்பூர்ச் செருப்பை மேடையேற்றியது, ஊர்ப் பெயரை விட்டுவிட்டு. அடுத்து தவில் வாரைத் தேடி வந்தால் ஏமாந்து போவார்கள். அங்கே இரும்புப் பட்டையும் நட்டும் ஏறிக் கனகாலம்.