கடப்பாரை வழிக் காலப்பயணம்: பொறியாளர் ஹேங்க் மோர்கனின் வாழ்க்கை குறித்த ஓர் ஆய்வு

காலமந்திரம் என்பது, ஓர் ஆளை அவருக்குரிய ஆண்டிலிருந்து வேரோடு பெயர்த்து வேறோர் ஆண்டில் நட்டுவைக்கும் வித்தை என இங்கு வரையறுக்கப்படுகிறது. அதற்குக் கருவிகள் இரண்டு: ஒன்று மந்திர உச்சாடனம், மற்றது கடப்பாரை. முன்னதைப் பற்றிய நூல்கள் மலிந்துகிடக்க, பின்னதைப் பற்றி அறிஞர் உலகம் வாய் திறவாதிருப்பது வருந்தத்தக்கது. இவ்விரண்டுக்கும் தம் உடம்பையே சோதனைக்களமாகக் கொடுத்தவர், மார்க் ட்வைன் 1889-இல் வெளியிட்ட, ஆர்தர் மன்னனின் அரசவைக்குப் போய்ச் சேர்ந்த ஓர் அமெரிக்கரைப் பற்றிய நாவலின் நாயகரான ஹேங்க் மோர்கன் ஆவார்.

கனெக்டிகட் மாநிலத்து ஹார்ட்ஃபோர்டில் கொல்லர் ஒருவருக்கு மகனாகப் பிறந்த மோர்கன், தந்தையின் உலைக்களத்திலும் சிற்றப்பாவின் குதிரை வைத்தியத்திலும் கைபழகி, பின்னர் ஆயுதத் தொழிற்சாலையில் சேர்ந்து, துப்பாக்கி முதல் கொதிகலன் வரை எதையும் செய்யவல்ல தலைமைக் கண்காணிப்பாளராக உயர்ந்தார். 1879-இல், ஹெர்குலிஸ் என்று பட்டப்பெயர் பெற்ற தொழிலாளி ஒருவருடன் கடப்பாரைகளைக் கொண்டு கருத்து வேறுபாட்டைத் தீர்த்துக்கொள்ள முற்பட்டபோது, மண்டையில் விழுந்த ஒரே அடியில் கி.பி. 528-இன் இங்கிலாந்தில், ஒரு கருவாலி மரத்தடியில் கண்விழித்தார். கடந்த தொலைவு 1,351 ஆண்டுகள். செலவான நேரம் ஓர் அடி. இத்தகைய வேகத்தை எந்த மந்திரவாதியும் எட்டியதில்லை என்பதை அடுத்து வருவன காட்டும்.

சிறைப்பட்டு, எரித்துக் கொல்லுமாறு தீர்ப்பளிக்கப்பட்ட மோர்கன், 528 ஜூன் 21 அன்று நண்பகல் கழிந்து 3 நிமிடத்தில் முழுச் சூரிய கிரகணம் தொடங்கும் என்பது நினைவுக்கு வர, சூரியனை அணைத்துவிடுவதாக மிரட்டினார். அன்று என்ன தேதி என்பதே அவருக்குச் சரியாகத் தெரியவில்லை; அரண்மனைச் சிறுவன் ஒருவன் ஒரு நாள் பிசகிச் சொன்னதைத்தான் நம்பியிருந்தார். ஆயினும் கிரகணம் உரிய நேரத்தில் வந்தது. அவரும் உயிர் தப்பி, நாட்டின் நிரந்தர அமைச்சராகி, தம்மால் கூடும் அரசு வருவாயில் 1 விழுக்காட்டைச் சம்பளமாகப் பேசிக்கொண்டார். 1504-இல் ஜமைக்காவில் கொலம்பஸ் சந்திர கிரகணத்தைக் காட்டி உணவு பெற்றதோடு இதனை ஒப்பிடுவோர் உண்டு. அவ்வொப்பீடு மோர்கனுக்கு இழைக்கும் அநீதியாகும். ஏனெனில் கொலம்பஸின் கிரகணம் உண்மையில் நிகழ்ந்தது, 528 ஜூன் 21 அன்றோ வானியல் கணக்கின்படி எந்தச் சூரிய கிரகணமும் கிடையாது. இருக்கும் கிரகணத்தைக் கொண்டு ஊரை மிரட்டுவது எவருக்கும் கூடும். இல்லாத ஒன்றை வரவழைப்பதற்குத்தான் பொறியியல் பயிற்சி வேண்டும்.

பதவிக்கு வந்தபின் அவர் நிறுவிய தந்தி, தொலைபேசி, செய்தித்தாள், பள்ளிகள் ஆகியவை யாவரும் அறிந்தவை. ஆய்வாளர் ஊன்றி நோக்க வேண்டியது சட்டை உற்பத்தியையே. உயர்ந்த தூணொன்றின் உச்சியில் நின்று, உடம்பைப் பாதம் வரை வளைத்து ஓயாது வணங்கிக்கொண்டிருந்த துறவி ஒருவரை மோர்கன் நிறுத்துக் கடியாரமும் கையுமாகக் கவனித்து, 24 நிமிடம் 46 வினாடியில் 1,244 வணக்கங்கள் எனக் கணக்கிட்டார். அவ்வளவு விசை வீணாவதைக் கண்டு பொறுக்காமல், மீள்தன்மையுள்ள கயிறுகளைப் பூட்டி, அத்துறவியைக் கொண்டே தையல் இயந்திரத்தை ஓட்டினார். நாளொன்றுக்கு 10 வீதம், ஞாயிறும் விடாமல், ஐந்தாண்டுகளில் 18,000-க்கு மேற்பட்ட சட்டைகள் வெளிவந்தன. துறவியின் ஒப்புதல் பெறப்பட்டதா என்பது பற்றி நூலில் பேச்சில்லை. நாவலாசிரியர் தம் செல்வத்தைக் கொட்டி, 1894-இல் திவாலாவதற்குப் பெருங்காரணமான பெய்ஜ் அச்சுக்கோப்பு இயந்திரத்திலும் சுமார் 18,000 உறுப்புகள் இருந்தன என்பதை இங்குக் குறிப்பது தகும். இவ்விரு எண்களுக்கும் தொடர்பில்லை என்று சொல்வோர் ஆய்வு மனப்பான்மை அற்றவர்கள். துறவி ஒரு நாளும் பழுதாகவில்லை, பெய்ஜ் இயந்திரம் பழுதாகாத நாளே அரிது என்பது மட்டுமே வேறுபாடு.

திரும்பும் பயணம் மந்திரத்தால் நிகழ்ந்தது. அதன் தரம் குறைவே. மோர்கனால் பொய் மந்திரவாதி என்று ஏளனம் செய்யப்பட்ட மெர்லின், நாவலின் இறுதிப் போருக்குப்பின் கிழவி வேடத்தில் குகைக்குள் புகுந்து, அவரைப் பதின்மூன்று நூற்றாண்டுகள் உறங்குமாறு சபித்தார். கடப்பாரை நொடியில் முடித்த வேலைக்கு மந்திரம் 1,300 ஆண்டுகளை எடுத்துக்கொண்டது ஒருபுறமிருக்க, கணக்கும் உதைக்கிறது. மோர்கன் அந்நாட்டில் ஏறத்தாழப் பத்தாண்டுகள் வாழ்ந்தவர். ஆகவே 1840-ஐ ஒட்டியே விழித்திருக்க வேண்டும். எனின், 1879-இல் ஹார்ட்ஃபோர்டில் அடிவாங்கிய மோர்கன் ஒருவர், அதே வேளையில் எங்கோ கிழடாகிக்கொண்டிருந்த மோர்கன் மற்றொருவர் என்றாகிறது. மெர்லின் தோராயமாக முழு எண்ணில் சொன்னாரா, கூட்டலில் தவறினாரா என்று அவரிடமே கேட்டுத் தெளிந்திருக்கலாம். ஆனால் சாபமிட்ட கையோடு அவர் விழுந்து விழுந்து சிரித்து, தள்ளாடிப்போய், குகையைக் காக்கப் போட்டிருந்த மின்கம்பியில் சாய்ந்து, திறந்த வாய் மூடாமலே மாண்டார். அந்தக் கம்பிகளுக்கு மின்சாரம் கொடுக்கும் திட்டம் மோர்கனுடையதே ஆதலால், இவ்வழக்கில் சாட்சியைக் கலைத்த பழியும் அவரையே சாரும்.