கொடுமுடிக் குரல்

கேள்வி: விக்டோரியா கால லண்டன் மேடையில் பாடி நடித்தே புகழ்பெற்ற நடிகைகள் இருந்தார்கள். தமிழில் அப்படி யார்? (வாசகர், ஜெயபுரம்)

பதில்: கே.பி.சுந்தராம்பாள். 1908இல் கொடுமுடியில் பிறந்தவர். வறுமையால் ரயிலில் பாடிய சிறுமியை நாடக மேடை அழைத்துக்கொண்டது. மைக் இல்லாத காலம். கொட்டகையின் கடைசி வரிசைக்கும் ஒவ்வொரு சொல்லும் தெளிவாகக் கேட்க வேண்டும். கேட்டது. நாடக நடிகர் எஸ்.ஜி.கிட்டப்பாவோடு அவர் ஜோடி சேர்ந்தது இலங்கை மேடையில்தான். அந்தக் கதையில் நம் மண்ணுக்கும் பங்குண்டு. 1927இல் திருமணம். 1933இல் கிட்டப்பா மறைந்தபோது சுந்தராம்பாளுக்கு வயது 25. அன்று முதல் கடைசிவரை வெள்ளைச் சேலைதான். ஆண்களுக்கு ஜோடியாக நடிப்பதில்லை என்று உறுதி பூண்டவர், 1935இல் திரைப்படத்தில் நந்தனாராக ஆண் வேடமே ஏற்றார். சம்பளம் ஒரு லட்சம் ரூபாய். 1953இல் ‘ஔவையார்’ படம். 1980இல் மறைந்தார். ஔவை என்றதும் இன்றும் பலருக்கு நினைவில் எழுவது அவர் முகம்தான்.