வாத்துக்கு வழி, தச்சருக்குத் தடை

துடுப்புப் படகுக்காரரின் தலையெழுத்து விசித்திரமானது. போகிற திசைக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, வந்த வழியைப் பார்த்தபடியே போக வேண்டும். 1928இல் ஆம்ஸ்டர்டாம் ஒலிம்பிக்கில், ஆஸ்திரேலியாவின் பாபி பியர்ஸ் அப்படித்தான் ஒரு பிரெஞ்சுக்காரரோடு காலிறுதியில் மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார். திடீரென்று கரையில் ஒரே கூச்சல். என்னவென்று திரும்பிப் பார்த்தால், ஒரு வாத்துக் குடும்பம் கால்வாயின் குறுக்கே வரிசை கட்டிப் போகிறது. பதக்கமாவது ஒன்றாவது! மாப்பிள்ளை ஊர்வலம் மாதிரி அப்படி ஒரு நிதானம்.

பியர்ஸ் துடுப்பை நிறுத்தினார். பிரெஞ்சுக்காரர் அவர் பாட்டுக்குப் போய்க்கொண்டிருந்தார். கடைசிக் குஞ்சும் கடந்த பிறகு கிளம்பிய பியர்ஸ், எதிராளியைப் பிடித்து, தாண்டி, ஜெயித்தும் விட்டார். இறுதிப் போட்டியில் வாத்துகள் வரவில்லை. அமெரிக்கரான மையர்ஸ் கிட்டத்தட்ட 10 விநாடி பின்தங்கி வந்தார்.

சரி, தங்கம் வாங்குகிற ஆளை இங்கிலாந்தின் ஹென்லி படகுப் போட்டியில் கும்பம் வைத்து வரவேற்றிருப்பார்கள் என்று நினைப்பீர்கள். அதே ஆண்டு அவர் அங்கே மனுப் போட்டார். 'தொழில்?' தச்சு வேலை. 'போய் வாருங்கள்!' கைத்தொழில் செய்து உடம்பை முறுக்கேற்றியவன், சோம்பலைத் தவிர வேறெதையும் பயிலாத கனவான்களோடு போட்டியிடுவது அநியாயமாம். நாசரேத்தூர்த் தச்சர் தண்ணீர் மேல் நடந்தே போனது நல்லதாயிற்று. படகு கேட்டு ஹென்லிக்கு வந்திருந்தால் அவருக்கும் இதே பதில்தான். 1920இல் அமெரிக்காவின் ஜாக் கெல்லியையும் திருப்பி அனுப்பினார்கள். அவர் கொத்தனாராக இருந்தவர். அந்த வருஷமே ஒலிம்பிக்கில் தங்கம் வென்றார். பிறகு, நடிகை கிரேஸ் கெல்லிக்கு அப்பாவானார்.

பியர்ஸுக்குக் கைகொடுத்தது விஸ்கி. 1930இல் கனடாவின் ஹாமில்டனில் நடந்த பிரிட்டிஷ் பேரரசு விளையாட்டுப் போட்டியில் அவர் ஜெயித்ததும், டூவர் விஸ்கி கம்பெனி அவரைத் தன் விற்பனையாளராக்கிக் கனடாவில் அமர்த்தியது. மரம் இழைத்தவரை வாசலில் நிறுத்திய ஹென்லி, சாராயம் விற்பவரைக் கனவான் என்று ஏற்றுக்கொண்டது. 1931இல் வந்தார், டயமண்ட் ஸ்கல்ஸ் கோப்பையைத் தூக்கிக்கொண்டு போனார். அடுத்த ஆண்டு லாஸ் ஏஞ்சல்ஸில் இரண்டாவது ஒலிம்பிக் தங்கம்.

ஹென்லிக்கு ஞானோதயம் வந்து அந்தக் கைத்தொழில் விதியை நீக்க 1937 ஆகிவிட்டது. அதற்குள் பியர்ஸ் 1933இலேயே டெட் ஃபெல்ப்ஸைத் தோற்கடித்துத் தொழில்முறை உலக சாம்பியன் ஆகியிருந்தார். அதாவது, காசு வாங்கிக்கொண்டு துடுப்பு வலிக்கிறவர். தச்சருக்குக் கதவைத் திறந்த ஹென்லியில் இவருக்கு மறுபடியும் இடமில்லை.