கேட்காத காதும் மூடாத வாயும்

பின்னணி இசையைக் கேட்கும் காது எனக்கு இல்லை. அதைப் பற்றிப் பேசும் வாய் மட்டும் உண்டு. இதை ஒப்புக்கொள்ள ஐம்பது வயதாகிவிட்டது. ஒப்புக்கொள்ள வைத்தவர் துவோமாஸ் கான்டெலினன் என்ற பின்லாந்து இசையமைப்பாளர். பாவம், அவருக்கு இந்த விவரம் எதுவும் தெரியாது.

கான்டெலே என்பது பின்லாந்தின் தந்திக் கருவி. பழைய வடிவத்தில் ஐந்தே தந்தி. கலேவலா காவியத்தில் வைனமோய்னன் கிழவர் அதை ஒரு பெரிய மீனின் தாடையெலும்பில் செய்கிறார். நம் இசையமைப்பாளர் பெயரோ கான்டெலினன். விடுவேனா? "பரம்பரையாகக் கான்டெலே வாசிக்கும் குடும்பம்" என்று ஒரு சிறுபத்திரிகையில் எழுதிவிட்டேன். பெயரைத் தவிர வேறு ஆதாரம் கிடையாது. அந்தக் கணக்கில் ஊரிலுள்ள வேலுச்சாமிகள் எல்லாம் வேல் வடிப்பவர்கள்.

அடுத்தது, கான்டெலினன் இசையமைத்து, செர்கேய் போட்ரோவ் இயக்கிய 'மங்கோல்' (2007). திரையில் அடித்தொண்டை உறுமலாய் ஒரு குரல் எழுந்தது. பக்கத்து நாற்காலிப் பையனிடம் சாய்ந்து, "கேட்டியா தம்பி, பின்லாந்துக் காட்டோட குரல்" என்றேன். படம் முடியும்வரை பொறுத்திருந்தவன், பெயர்ப்பட்டியல் ஓடும்போது மெல்லச் சொன்னான்: "அண்ணே, அது அல்தான் உராக். மங்கோலியக் குழு. செங்கிஸ்கான் படத்துல மங்கோலியர் பாடாம வேற யாரு பாடுவா?" கான்டெலினன் எழுதிய இசை அதற்கு முன்னும் பின்னும் ஓடிக்கொண்டுதான் இருந்திருக்கிறது. நான் கவனிக்கவில்லை.

கிளாவ்ஸ் ஹேரோவின் 'மதர் ஆஃப் மைன்' (2005) விஷயம் இதைவிட மோசம். அதற்கும் கான்டெலினன்தான் இசை. போர்க்காலத்தில் பின்லாந்துக் குழந்தைகளை ஸ்வீடனுக்கு அனுப்பிய கதை. நள்ளிரவு, வீட்டில் எல்லோரும் தூக்கம். சத்தத்தை முழுக்க அணைத்துவிட்டு, எழுத்தை மட்டும் படித்துப் பார்த்தேன், அழுதேன். மறுநாள் விமர்சனத்தில் வயலினுக்கு இரண்டு பத்தி ஒதுக்கினேன். படத்தில் வயலின் இருந்ததா என்று இன்றுவரை சரிபார்க்கவில்லை.

சிபெலியஸ் அகாடமியில் படித்து, உள்ளூர்ப் போர்ப் படங்களில் தொடங்கி, ரென்னி ஹார்லினின் ஹாலிவுட் படங்கள் வரை போன மனிதர் கான்டெலினன். அவரைப் பற்றி நான் விட்ட கதைகளை நண்பர்கள் அத்தனை பேரும் நம்பினார்கள். நம்பாதது ஒன்றே ஒன்று. ஓட்டப்பந்தய வீரர் பாவோ நூர்மியைப் பற்றி அவர் ஓபரா எழுதினார் என்றபோது, "போதும்யா" என்று எழுந்து போனார்கள்.

நீங்களாவது நம்புங்கள். 2000ஆம் ஆண்டு அந்த ஓபரா ஹெல்சிங்கி ஒலிம்பிக் அரங்கத்தில் நடந்தது. 1952இல் ஒலிம்பிக் சுடரோடு நூர்மி ஓடி வந்தாரே, அதே அரங்கம்.