காத்துக்கு உத்தரவு போடப் போற பேரனுக்கு

என்னலே பேராண்டி, மொட்டைமாடியில ஏறி நின்னு கையை நீட்டி நீட்டி என்னமோ முணுமுணுக்கேயாம்? காயப்போட்ட வத்தல்ல ஒண்ணுகூட அசையலன்னு உங்கம்மா பாத்துட்டு வந்து சொன்னா. சரி, வித்தை படிக்கப் போற பிள்ளையை நான் ஏன் கெடுக்கணும்? நல்லாப் படி. படிக்கதுதான் படிக்கே, உனக்குப் பிடிச்ச பக்கத்தை மட்டும் படிக்காம முழுசாப் படி.

அந்த எர்த்ஸீ பொஸ்தகத்தைத்தான் சொல்லுதேன். இவருக்கு எப்படித் தெரியும்னு முழிக்காத. நீ திண்ணையில போட்டுட்டுப் போனதை உன் தங்கச்சி எடுத்து வச்சு, ராத்திரி என் கட்டில் பக்கத்துல உக்காந்து அத்தியாயம் அத்தியாயமாச் சொல்லிட்டா. அமெரிக்காவுல உர்சுலா லெ குவின்னு ஒரு அம்மா, 1968ல எழுதினதாம், ‘எ விஸர்ட் ஆஃப் எர்த்ஸீ’. உலகம் பூராவும் கடல், அதுல சிதறிக் கிடக்க தீவு. காத்து இல்லன்னா கப்பல் நகராது, கப்பல் நகரலன்னா யாவாரம் இல்ல. அப்போ காத்தை ஏவத் தெரிஞ்சவனுக்கு மவுசு இருக்கத்தானே செய்யும்! ரோக்னு ஒரு தீவுல மந்திரத்துக்குன்னே பள்ளிக்கூடம், ஒம்பது வாத்தியார், காத்துக்கும் மழைக்கும்னு அதுல தனியா ஒருத்தர். நீ தலைமேல வச்சு ஆடுதியே ஹாரி பாட்டர், அவன் பள்ளிக்கூடம் போறதுக்கு 29 வருஷம் முந்தியே இந்தம்மா பள்ளிக்கூடம் கட்டி மணியடிச்சாச்சு.

அதுல எனக்குப் பிடிச்ச இடம் எது தெரியுமா? நீ வேகமாப் புரட்டிட்டுப் போயிருப்பே. மந்திரவாதி பெருத்துப்போன தீவுல மழை மேகம் ஒண்ணு வருது. ஒருத்தன் தன் ஊர்ல பெய்யக் கூடாதுன்னு அடுத்த ஊருக்குத் தள்ளுதான். அந்த ஊர்க்காரன் அதுக்கடுத்த ஊருக்குத் தள்ளுதான். தாலுகா ஆபீஸ்ல நம்ம மனு மேசை மேசையா அலையுமே, அந்த மாதிரி அது இடிபட்டு இடிபட்டுக் கடைசியில கடலுக்குப் போய், அங்கதான் நிம்மதியாப் பெய்யுதாம். எனக்குச் சிரிப்பு அடங்க ரொம்ப நேரம் ஆச்சு. காத்து வித்தை காத்து வித்தைங்கிறியே, அதோட லட்சணம் இதுதான். நீ தள்ளின காத்து எங்கயோ ஒருத்தன் கூரையில போய் முட்டத்தான் செய்யும். அந்தக் கூரைக்காரன்கிட்ட நீ கேட்டியா?

அப்புறம் அந்த ஓகியன். பூகம்பத்தையே அடக்கின ஆளு. அவர்கூடச் சிஷ்யனா நடக்கான் கெட்டுங்கிற பொடியன். மழை பிடிச்சுக்கிடுது. ஒத்தை வார்த்தையில விலக்கிடலாம். பெரியவர் என்ன செஞ்சார்? ஒரு மரத்தடியாப் பாத்துப் படுத்துட்டார். பொடியன் புதருக்குள்ள குந்தி, சொட்டச் சொட்ட நனைஞ்சு, இந்தாளுக்கு இம்புட்டுச் சக்தி இருந்து என்ன பிரயோசனம்னு மனசுக்குள்ள கருவுதான். நீயும் அந்த இடத்துல கருவினேன்னு உன் தங்கச்சி சொன்னா. அதனால உனக்கு முதல் பாடம் நானே வச்சிருக்கேன். ஐப்பசி மாசம் அடைமழையில போய்ப் பால் வாங்கிட்டு வா. குடை வேண்டாம். மந்திரமும் வேண்டாம்.

ரோக்குக்குப் போன பிறகாவது அவனுக்குப் புத்தி வந்துச்சா? ஜாஸ்பர்னு கூடப்படிக்கவன் ஒருத்தன் உசுப்பிவிட்டான்னு, செத்துப்போன மகராசியை எழுப்புதேன்னு கிளம்பி, கூடவே ஒரு கருநிழலையும் இழுத்துவிட்டுட்டான். அது வந்த ஓட்டையை அடைக்கப் போய் நெம்மர்லேங்கிற தலைமை மந்திரவாதி உசுரையே விட்டார். அதுக்குப் பிறகு, நிழல் விரட்டுதேன்னு அதே ரோக்குக்கு அடைக்கலம் தேடிப் போனா, காவல் காத்து ஒண்ணு எந்திரிச்சுக் கப்பலைத் திருப்பி விட்டுருச்சு. காத்துப் பாடத்துல கெட்டிக்காரனாத்தான் இருந்தான். காத்துக்கு அது தெரியணும்லா?

இன்னொண்ணு கேளு. அம்புட்டுப் பெரிய பள்ளிக்கூடத்துல மந்திரம் இல்லாம படகு ஓட்டுறதைச் சரியாச் சொல்லிக் குடுக்கலையாம். பெச்வாரின்னு ஒரு படகு கட்டுற ஆளுதான் பிறகு அவனுக்குப் பாய் பிடிக்கவும் துடுப்புத் தள்ளவும் கத்துக் குடுத்திருக்கான். பட்டம் வாங்கினவனுக்கு ஆசாரி பாடம் எடுக்கணும்னா பாத்துக்கோ. உன்னைச் சொல்லல. நீ இன்னும் பட்டம் வாங்கலையே.

மந்திரத்துல சோறு வருமான்னு அதுல ஒரு சின்னப் பொண்ணு கேக்கா, யாரோன்னு பேரு. நறுக்குன்னு கேள்வி. வரும், வாசனையும் வரும், ருசியும் வரும், ஆனா வயித்துக்குள்ள போனாலும் அது வெறும் சொல்லுதாங்கான் கெட். உன் போனுக்குள்ள அந்தச் சமையல்தானே விடிய விடிய நடக்கு?

இந்தப் பொஸ்தகத்தைச் சுத்திச் சண்டையே இல்லன்னு நெனைச்சிராத. கெட்டு செம்பு நிறத்துக்காரன், அவன் சேக்காளி வெட்ச் நல்ல கறுப்பு, வெள்ளைத் தோல்காரங்க கொள்ளையடிக்க வார கூட்டம். அந்தம்மா வேணும்னேதான் அப்படி எழுதினா. பொஸ்தகம் போட்டவன் கெட்டை அட்டையில வெள்ளையாப் போட்டான். 2004ல டிவியில எடுத்தவன் கெட்டையும் வெள்ளைக்காரனாவே ஆக்கிட்டான். அந்தம்மா சும்மா விடல, பேர் சொல்லி எழுதிக் கிழிச்சுட்டா. எழுபத்தஞ்சு வயசுல! வயசானவங்களைக் கிள்ளுக்கீரையா நெனைக்கப்பிடாதுலே.

அதைவிடப் பெரிய வம்பு வேற இருக்கு. ரோக்குல ஆம்பளைப் பிள்ளைக்கு மட்டும்தான் இடம். கெட்டுக்கு முதல் மந்திரம் கத்துக் குடுத்ததே அவன் அம்மா கூடப்பிறந்தவ, ஊர்ச் சூனியக்காரி. ஆனா அந்தப் பொஸ்தகத்துல பொம்பளை மந்திரம்னா அரைகுறை, இல்லன்னா கேடுன்னுதான் ஊர்ப்பேச்சு. உன் தங்கச்சி அங்க நிறுத்திட்டு என் மூஞ்சியப் பாத்தா. நான் விட்டத்தைப் பாத்தேன். இதே கேள்வியை நிறையப் பேர் கேட்டிருக்காங்க, அந்தம்மாவே தன்னைக் கேட்டிருக்கா. 1972ல மூணாவது பாகம் முடிச்சவ, 1990ல ‘தெஹானு’ன்னு நாலாவதை எழுதித் தான் கட்டின வீட்டோட செவுத்தையே தட்டிப் பாத்திருக்கா. பிறகு 2001ல வந்த கதையில, அந்தப் பள்ளிக்கூடத்தை உண்டாக்கினதுலயே பொம்பளைங்க பங்கு உண்டு, பிறகுதான் வெளிய தள்ளினாங்கன்னு போட்டு உடைச்சுட்டா. நீ முதல் பாகத்தை வேதவாக்கா நீட்டி நீட்டிப் பேசுதே. எழுதினவளே அப்படி நெனைக்கலலே!

‘தெஹானு’வுல கெட்டுக்குச் சக்தி எல்லாம் போச்சு. தலைமை மந்திரவாதியா இருந்தவன் மலைமேல ஆடு மேய்க்கான். அந்த இடம் வந்ததும் நீ பொஸ்தகத்தைச் சுவத்துல எறிஞ்சியாமே. உன்னை மாதிரி கோவப்பட்டவங்க நிறையப் பேராம். ஏன்லே, ஆடு மேய்க்கது அம்புட்டு இளப்பமா? ஏழு வயசுல அவன் முதமுதலா மந்திரம் சொன்னதே ஆட்டுக்குத்தான். அதுவும் எக்குத்தப்பாப் போய், ஆடெல்லாம் சுத்தி நெருக்கி நின்னு ஆளை நகரவிடல. ஒழுங்கா மேய்க்க அவனுக்கு ஒரு ஆயுசு பிடிச்சிருக்கு.

சரி, நேரமாச்சு. உன் தங்கச்சி இப்ப ‘டிராகன்ஃப்ளை’ங்கிற கதையை ஆரம்பிச்சிருக்கா. ஒரு பொண்ணு ரோக் பள்ளிக்கூடத்து வாசல்ல வந்து நிக்கா, வாசக்காரர் கதவைத் திறக்காரு, அதுவரைக்கும்தான் சொன்னா. மிச்சம் சொல்லணும்னா உன் சைக்கிள் ஒரு வாரத்துக்கு அவளுக்கு வேணுமாம். சாவியை அந்த ஆணியில மாட்டிட்டு மாடிக்குப் போ.